வாய் திறவாத படக்கருவி

முன்னாளில் திரைப்படக் கொட்டகைகளில் கதைப்படம் தொடங்குமுன் பிலிம்ஸ் டிவிஷன் செய்திப்படம் ஓடும். அணை கட்டுவோரும் நெசவாளரும் திரையில் தோன்றுவர். ஆயின் அவர்தம் வாய்ச்சொல் பெரும்பாலும் நம் செவிக்கு எட்டாது. எங்கோ மறைந்திருக்கும் ஒரு கம்பீரக் குரலே அவர்களுக்காகப் பேசித் தீர்க்கும். ஆவணப்படம் என்றாலே அக்குரல்தான் என்று நம்மவர் எண்ணியதில் வியப்பில்லை.

அக்குரலைத் துறந்தவர்களுள் ஒருவர் டேவிட் மக்டூகல். 1939-இல் அமெரிக்காவில் பிறந்து, பின்னர் ஆஸ்திரேலியாவில் வாழ்ந்து பணியாற்றியவரை இம்மலரில் நினைத்தற்குக் காரணம் உண்டு. அன்றைய சித்தூர் மாவட்டத்து மதனப்பள்ளிக்கு அருகிலுள்ள ரிஷிவேலிப் பள்ளியில் அவர் எடுத்த ‘சம் ஏலியன் கிரீச்சர்ஸ்’ 2005-இலும், ‘ஸ்கூல்ஸ்கேப்ஸ்’ 2007-இலும் வெளிவந்தன.

உகாண்டா நாட்டு ஜியே இனத்து மாடு மேய்ப்போரிடையே 1968-இல் படம்பிடித்து, 1972-இல் அவர் வெளியிட்ட ‘டு லிவ் வித் ஹெர்ட்ஸ்’ அவர்தம் பேச்சை அவர்தம் மொழியிலேயே ஒலிக்கவிட்டு, பொருளை எழுத்தாகக் கீழே தந்தது. இன்று இது எளிய செய்தி; அன்றோ இத்தகைய படங்களில் புதுமை. மனைவியார் ஜூடித்துடன் கென்யாவில் துர்க்கானா மக்களைப் பற்றி மூன்று படங்கள். பின்னர் டேராடூனின் டூன் பள்ளியில் ஐந்து.

‘ஸ்கூல்ஸ்கேப்ஸ்’ படத்துக்கு அவர் இருவரைத் துணை கொண்டார். ஒருவர், மதனப்பள்ளியில் பிறந்தவரும் இப்பள்ளியின் மூலவருமான ஜே. கிருஷ்ணமூர்த்தி. மற்றவர் லூமியேர், இருவர் என்றே சொல்ல வேண்டும், உடன்பிறந்தோர் அன்றோ! கிருஷ்ணமூர்த்தி பிறந்ததும், லூமியேர் சகோதரர்களின் படங்கள் பாரிஸில் பொதுமக்களுக்குக் காட்டப்பட்டதும் 1895-ஆம் ஆண்டே. தீர்ப்புக் கூறாது காண்க என்றார் அவர். படக்கருவியை நாட்டி நிறுத்திக் கண்டனர் இவர்கள். மக்டூகலின் படத்திலும் ஒரு காட்சிக்கு ஒரே பிடிப்பு. வெட்டும் இல்லை, விளக்கவுரையும் இல்லை.

ஈண்டு ஒரு முரண் தோன்றும. வெறுமனே நின்று நோக்குதல் போதாது, படமெடுப்போன் தன்னை மறைத்துக் கொள்ளலாகாது என்று 1975-இல் கட்டுரை வரைந்தவரும் இவரே. அவர் மீண்டும் மௌனத்துக்குத் திரும்பியது ஏன்? நெடுநாள் உடன் வாழ்ந்தவனின் மௌனம் வழிப்போக்கனின் மௌனம் அன்று என விடை கூறலாம். எனினும் அழகில் இப்படம் விஞ்சினும், சிறுவரோடு அவர் உரையாடும் டூன் படங்களே எம் நெஞ்சில் நிற்கின்றன. ஒரு பிள்ளை அமர்ந்திருக்கும் நிலையை மௌனம் காட்டும். வீட்டை விட்டு வந்த ஏக்கத்தை அவன் வாய்தான் சொல்ல வேண்டும். வசதியுள்ளோர் பிள்ளைகளின் விடுதிகளோடு அவர் நின்றுவிடவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். 2008-இல் வந்த ‘காந்திஸ் சில்ட்ரன்’ தில்லியில் ஆதரவற்ற சிறுவர் தங்கும் இல்லத்தில் எடுக்கப்பட்டது.

இனி நம் இல்லத் திருமண ஒளிநாடாக்களை ஒருமுறை போட்டுப் பாருங்கள். தெலுங்கு கலந்து நம் சித்தூர்ப் பாட்டிமார் பேசும் தமிழ் அவற்றில் கேளாது. வாய் அசையும், அதன்மேல் திரைப்பாடல் ஓடும். அப்பாட்டிமாருள் சிலர் இன்னும் நம்மோடு இருக்கின்றனர்.