படம் சொல்லும் பாதிக் கதை

ரோஸி என்ற கோழி பண்ணையைச் சுற்றி ஒரு நடை நடந்துவிட்டு, சாப்பாட்டு நேரத்துக்கு வீடு திரும்புகிறது. பாட் ஹட்சின்ஸ் 1968இல் வெளியிட்ட படப்புத்தகத்தில் எழுத்தில் இருக்கும் கதை இவ்வளவுதான். ஆங்கிலத்தில் ஒரே வாக்கியம், 32 சொற்கள். கோழியின் பின்னால் ஒரு நரி பதுங்கி வருவதும், மண்வாரியை மிதித்து முகத்தில் அடி வாங்குவதும், குளத்தில் விழுவதும் படத்தில் மட்டுமே உண்டு. எழுத்தில் நரியைப் பற்றிப் பேச்சே இல்லை. வாசித்துக் காட்டும் அம்மா கவனிக்கும் முன்பே எழுத்தறியாக் குழந்தை நரியைக் கண்டுவிடும். படப்புத்தகத்தை எடைபோட எனக்குத் தெரிந்த சோதனை இதுதான்: படங்களை மறைத்துவிட்டுப் படித்தால் கதை நொண்ட வேண்டும்.

இந்த வித்தைக்கு முன்னோடியாக இங்கிலாந்தின் ராண்டால்ஃப் கால்டிகாட்டைச் சொல்வார்கள். 1878 முதல் ஆண்டுக்கு இரண்டாகச் சிறு நூல்கள் வரைந்தவர். 1886இல், நாற்பதை எட்டும் முன்பே மறைந்தார். தட்டும் கரண்டியும் கூட்டாக ஓடிப்போவதோடு ஒரு பழைய குழந்தைப் பாட்டு முடியும். கால்டிகாட் அதற்குப் பிறகும் ஒரு படம் போட்டார். தட்டு உடைந்து கிடக்கிறது. கத்தியும் முள்கரண்டியும் கரண்டியை அழைத்துப் போகிறார்கள். பாட்டில் இல்லாத பெற்றோரைப் படம் கொண்டுவந்துவிட்டது! அமெரிக்காவில் 1938 முதல் சிறந்த படப்புத்தக ஓவியருக்கு வழங்கப்படும் பதக்கம் அவர் பெயரில்தான் இருக்கிறது.

1964இல் அதைப் பெற்றவர் மாரிஸ் செண்டாக். அவருடைய கதையில் மாக்ஸ் என்ற சிறுவன் செய்த சேட்டைக்குத் தண்டனை, சாப்பாடு இல்லாமல் படுக்கை. தொடக்கத்தில் படம் பக்கத்தின் நடுவே சின்னதாக இருக்கிறது. அவன் கற்பனை வளர வளர அது ஓரத்து வெள்ளையைத் தின்று, எதிர்ப்பக்கத்துக்கும் பரவி, பூதப் பிராணிகள் கூத்தாடும் இடத்தில் எழுத்தை அடியோடு துரத்திவிடுகிறது. தொடர்ந்து மூன்று இருபக்கப் படங்களில் ஒரு சொல்கூட இல்லை. அவன் வீடு திரும்பியதும், கடைசிப் பக்கத்தில் படமே இல்லை. குழந்தையின் கோபத்தைப் பக்க அளவால் சொன்ன புத்தகம் இதற்குமுன் இருந்ததாக நான் அறியேன்.

டாக்டர் சூஸின் வழி வேறு. 1957இல் வந்த தொப்பிப் பூனைக் கதையை 236 வெவ்வேறு சொற்களையே திரும்பத் திரும்பப் பயன்படுத்தி எழுதினார். கட்டுப்பாடே அங்கே குறும்பாயிற்று. பின்பற்றியவர்களிடம் பெரும்பாலும் எதுகைதான் மிஞ்சியது. லெனின்கிராடில் 1920களில் கவிஞர் மர்ஷாக்கின் பாட்டும் ஓவியர் லெபெதெவின் தட்டையான வண்ணங்களும் சேர்ந்து ஒரு மரபாயின. ஜப்பானில் 1956இல் தொடங்கிய ‘கொதோமோ நோ தோமோ’ இதழ் மாதம் ஒரு கதை என்று வந்தது. பெரிய முட்டையைக் கண்டெடுத்து, காட்டு விலங்குகளெல்லாம் தின்னக் கேக் சுடும் குரி, குரா என்ற எலிகளின் கதை அதில் வந்ததுதான்.

சென்னைக்கும் இதில் இடமுண்டு. 1994இல் தொடங்கிய தாரா பதிப்பகத்துக்காக அனுஷ்கா ரவிசங்கர் ஆங்கிலத்தில் எழுதி, புலக் பிஸ்வாஸ் வரைந்த புலிக் கதை கறுப்பு, ஆரஞ்சு என்ற இரண்டே நிறங்களில் அமைந்தது. ஆட்டுக்குப் பயந்து மரமேறும் புலிக்கு அதற்குமேல் வண்ணம் தேவைப்படவில்லை. கோண்டுப் பழங்குடி ஓவியர்கள் மூவரின் மரங்களைக் கறுப்புத் தாளில் கையாலேயே திரை அச்சிட்டு அதே பதிப்பகம் வெளியிட்ட நூல் 2008இல் குழந்தை நூல்களுக்கான போலோன்யா பரிசு பெற்றது. அழகில் அதற்கு ஈடு குறைவு. ஆனால் மூன்று வயதுக் குழந்தை மறுபடி மறுபடி கேட்பது புலியைத்தான் என்பேன்.

நம் தமிழ் நூல்கள் பலவற்றில் எழுத்து “யானை குளித்தது” என்கிறது, படத்திலும் யானை குளிக்கிறது; கடைசிப் பக்கத்தில் நீதி வேறு. எழுதி முடித்த பிறகு ஓவியரைக் கூப்பிடுவதால் வரும் வினை இது. பதிப்பாளர்களுக்கு ஒரு வேண்டுகோள்: ஓவியரை முதல் நாளே உட்கார வையுங்கள். அவர் பெயரை அட்டையில், எழுத்தாளர் பெயருக்குச் சமமான அளவில் அச்சிடுங்கள்.