நயம் என்னும் சொல்லும் கிரேக்கச் சிற்பமும்

ஒரு கலைப்பொருளைக் கண்டு மகிழ்ந்தவன் அம்மகிழ்ச்சியைப் பிறர்க்கு உணர்த்தப் புகும்போது முதலில் தேடுவது சொல்லையேயாம். சொல் கிடைக்காவிடின், "நன்று" என்று கூறி அமைவான். சொல் கிடைத்துவிட்டாலோ, பல வேளைகளில் பொருளை மறந்து சொல்லையே சுமந்து திரிவான். பண்டைக் கிரேக்கச் சிற்பங்களைப் பற்றி அறிஞர் எழுதிய நூல்களைப் புரட்டுவோர்க்கு இவ்வுண்மை நன்கு புலனாகும். அந்நூல்களில் ஓயாது வழங்கும் சொல் ஒன்றை எடுத்து, அஃது எங்குப் பிறந்தது, யார் நாவில் வளர்ந்தது, எதனைக் காட்டிற்று, எதனை மறைத்தது என்று ஆராய்வதே யாம் ஈண்டு மேற்கொண்ட பணி.

அச்சொல் 'காரிஸ்' என்பது. ஒருவர் மற்றவர்க்கு மனமுவந்து செய்யும் உதவிக்குக் கிரேக்கர் காரிஸ் என்றனர். அவ்வுதவியைப் பெற்றவர் உள்ளத்தில் எழும் நன்றிக்கும் காரிஸ் என்றே பெயர். காண்பாரைத் தானாகவே கவர்ந்து நிற்கும் இனிமைக்கும் அதுவே பெயர். கொடுத்தலும், நன்றி பாராட்டலும், கவர்தலும் ஆகிய மூன்றும் ஒரே சொல்லுள் அடங்கின. இக்கருத்தினையே அவர்கள் கைகோத்து நிற்கும் மூன்று பெண் தெய்வங்களாகவும் உருவாக்கினர்.

இதனைத் தமிழில் எச்சொல்லாற் கூறலாம்? அழகு, எழில், வனப்பு, கவின் என்பன காணப்படும் பொருளின் தன்மையைக் கூறி நிற்கின்றன; கொடுப்பார்க்கும் கொள்வார்க்கும் உள்ள உறவு அவற்றில் இல்லை. 'நயம்' என்ற சொல்லில் அவ்வுறவு உண்டு. நயந்து பேசுகிறான் என்கிறோம். கடைத்தெருவில் நயம் சரக்கு என்கிறோம். விலை நயமாக இருக்கிறது என்கிறோம். பாட்டில் நயம் உண்டு என்றும் கூறுகிறோம். அன்பும், பயனும், இனிமையும் ஒருங்கே தோன்றும் இச்சொல்லே காரிஸுக்கு மிக அணித்தாக நிற்பது என்பது எமது கருத்து. ஆதலின் இனி அதனையே வழங்குவோம்.

கிரேக்கர் சிற்பத்தைப் பற்றிப் பேசுங்கால் வேறு சொற்களையும் வழங்கினர். உறுப்புக்கும் உறுப்புக்கும் உள்ள அளவுப் பொருத்தத்தைச் 'சிம்மெட்ரியா' என்றனர். பிழையற்ற திட்பத்தை 'அக்ரிபெயா' என்றனர். நுண்மையை 'லெப்டோடெஸ்' என்றும், தெய்வங்களுக்கு உரிய பெருமிதத்தைச் 'செம்னோன்' என்றும் கூறினர். இவற்றுள் முதல் இரண்டும் பட்டறையிற் பிறந்தவை. கி. மு. 5-ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த பாலிக்ளிட்டஸ் என்ற சிற்பி, மனித உடம்பின் அளவுகளை விளக்கிக் 'கானன்' என்றொரு நூலே எழுதினார். ஈட்டி ஏந்திய இளைஞன் சிலையை வெண்கலத்தில் வார்த்து, அவ்விதிகளைக் கண்முன் நிறுத்தினார். நூலும் அழிந்தது, வெண்கலமும் அழிந்தது. பாம்பேயி நகரிலிருந்து எடுக்கப்பட்டு நேப்பிள்ஸ் காட்சிச்சாலையில் நிற்கும் சலவைக்கல் படி போன்ற படிகளே இன்று அச்சிலையை நமக்கு நினைவூட்டுகின்றன. சிம்மெட்ரியா என்பதற்கு ஈடான சொல் தம் இலத்தீன் மொழியில் இல்லையென்று உரோமானியரான பிளினி ஒப்புக்கொண்டார். தொழிலாளி தன் தொழிலுக்கென ஆண்ட சொல்லுக்கு அவ்வளவு கனம் இருந்தது.

அளவைக் கோலால் அளக்கலாம். திட்பத்தை விரலால் தடவி அறியலாம். நயத்தை எதனால் அளப்பது? இங்கேதான் பட்டறைக்கு வெளியே நின்றவர்கள் உள்ளே நுழைகின்றார்கள்.

சிற்பிகளின் நயத்தைப் பற்றி நமக்குக் கிடைத்துள்ள பழைய தீர்ப்புகளிற் பல, சிற்பத்தைப் பற்றிய நூல்களில் உள்ளவை அல்ல. சொற்பொழிவைப் பற்றிய நூல்களில் உள்ளவை. சிசரோ கி. மு. 46-இல் உரோம நாவலர்களின் வரலாற்றை எழுதியபோது, கலை சிறிது சிறிதாகவே வளரும் என்பதற்கு உவமையாகச் சிற்பிகளை வரிசைப்படுத்தினார்: கனாக்கஸின் சிலைகள் விறைத்தவை, காலமிஸின் சிலைகள் கடுமையேனும் சற்று மென்மையானவை, மைரனுடையவை அழகியவை, பாலிக்ளிட்டஸினுடையவை அவற்றினும் அழகியவை என்பது அவ்வரிசை. ஏறக்குறைய நூற்று நாற்பது ஆண்டுகட்குப் பின் குவிண்டிலியன் என்ற ஆசிரியரும் நாவன்மை கற்பிக்கும் நூலில் இத்தகைய வரிசையொன்றைத் தந்தார். ஹாலிகர்னாசஸ் நகரத்து டயோனிசியஸ், ஐசாக்ரட்டீஸ் என்ற நாவலரின் நடையைப் பெருமிதம் பற்றிப் பாலிக்ளிட்டஸ், பிடியாஸ் ஆகியோரின் சிற்பத்தோடு ஒப்பிட்டார். லிசியாஸின் நடையையோ நுண்மையும் நயமும் பற்றிக் காலமிஸ், கல்லிமாக்கஸ் ஆகியோரின் சிற்பத்தோடு ஒப்பிட்டார்.

இச்சிற்பிகள் வாழ்ந்த காலத்திற்கும் இத்தீர்ப்புக் கூறினோர் காலத்திற்கும் இடையே நானூறு ஆண்டுகளும் அதற்கு மேலும் கழிந்துவிட்டன. தீர்ப்புக் கூறினோரின் உள்ளம் பற்றி நின்றது நாவலரையே. சிலை அவர்கட்கு உவமை, பேச்சே பொருள். நாவலர்க்கு வேண்டிய அளவுகோலைச் செய்து, அதனைக் கல்லின்மேலும் வைத்துப் பார்த்தனர் என்பதே உண்மை.

அவ்வளவுகோல் எவ்வளவு உறுதியானது? கல்லிமாக்கஸின் கதையே அதற்குச் சான்று. இவர் ஏதென்ஸில் எரெக்தியம் கோயிலுக்குப் பொன் விளக்கொன்று செய்தவர் என்று பாசேனியஸ் எழுதுகின்றார். கல்லைத் துளையிட்டுச் செதுக்கியவருள் முதல்வர் என்றும் கூறுகின்றார். இவர்க்கு ஒரு பட்டப்பெயர் இருந்தது: தன் கலையையே தேய்த்து உருக்கிவிடுபவர் என்பது போன்ற பொருளுடையது அது. டயோனிசியஸ் நயத்துக்கு எடுத்துக்காட்டாக எடுத்த பெயர்களுள் ஒன்று இவர் பெயரே. பிளினியோ, இவர் செய்த நடனமிடும் ஸ்பார்ட்டப் பெண்களின் சிலைகளில் குற்றமே இல்லையென்றும், ஆனால் மிகையான கவனம் அவற்றின் நயம் முழுவதையும் போக்கிவிட்டதென்றும் கூறுகின்றார். ஒரே சிற்பி; ஒரே சொல்; ஒருவர் உண்டென்கிறார், மற்றவர் இல்லையென்கிறார். வாசகர் யாரை நம்புவது? அந்நடனச் சிலைகள் இன்று நம்மிடம் இருந்தால் நாமே பார்த்துத் தீர்த்துக்கொள்ளலாம். சிலைகள் போயின, சொற்கள் மட்டும் நின்றன.

பிளினியின் கூற்றில் உண்மையே இல்லையென்று யாம் தள்ளவில்லை. கைவேலை அறிந்த எவரும் அதனை ஒப்புவர். ஓவியர் அப்பெல்லிஸ், தம் காலத்து ஓவியர் புரோட்டோஜெனிசைப் பாராட்டிய பின், படத்திலிருந்து கையை எடுக்க வேண்டிய வேளை தமக்குத் தெரியும், அவர்க்குத் தெரியாது என்று கூறியதாக அதே பிளினி எழுதுகின்றார். தச்சனுக்கும், பொற்கொல்லனுக்கும், துணி தைப்பவனுக்கும் இவ்வறிவு உண்டு. எங்கே நிறுத்த வேண்டும் என்பது நூலிற் படித்து வருவதன்று. கையில் ஊறி வருவது. நயம் என்பதன் உயிர்நிலை இதுவே. ஆகவே, சொல்வல்லார் ஏட்டில் எழுதிக்கொண்ட பெருமை உண்மையிற் கைவல்லாருக்கு உரியது.

அந்நயத்தை நேரே காண விரும்புவோர் ஏதென்ஸின் அக்ரோபோலிஸ் காட்சிச்சாலையில் உள்ள ஒரு கற்பலகையைப் பற்றி அறிதல் நன்று. வெற்றித் தெய்வத்தின் சிறு கோயிலைச் சுற்றி ஏறத்தாழ கி. மு. 420-க்கும் 410-க்கும் இடையில் எடுக்கப்பட்ட கைப்பிடிச் சுவரில் இருந்தது அது. இறகுகளுடைய பெண்ணொருத்தி ஒரு காலைத் தூக்கிக் குனிந்து, தன் மிதியடியின் வாரைத் தொடுகின்றாள். ஒற்றைக் காலில் நிற்பவள் தடுமாறவில்லை. விரிந்த இறகு அவளுக்கு நிறை கொடுக்கின்றது. நீரில் நனைந்தாற்போல் மெல்லிய ஆடை உடம்பில் ஒட்டி, தோளிலிருந்து முழங்காலுக்கு மடிப்பு மடிப்பாய் இறங்குகின்றது. உலகை வெல்லும் தெய்வம், நாமெல்லாம் நாள்தோறும் வாசலிற் செய்யும் செயலைச் செய்து நிற்கின்றது. தலை உடைந்து போய்விட்டது. எனினும் நயம் குறையவில்லை. இதனைச் செதுக்கியவர் பெயர் நமக்குத் தெரியாது.

பெயர் தெரிந்த சிலரைப் பற்றி ஒரு கல்வெட்டுக் கூறுகின்றது. எரெக்தியம் கோயில் கட்டி முடிக்கப்பட்ட கி. மு. 409 முதல் 407 வரையான ஆண்டுகளின் செலவுக் கணக்கு, கல்லில் வெட்டப்பட்டு உடைந்த துண்டுகளாய்க் கிடைத்துள்ளது. அதில் நயம், நுண்மை, பெருமிதம் என்ற பேச்சே இல்லை. இன்ன ஊரான் இன்ன உருவத்தைச் செய்தான், அவனுக்கு இவ்வளவு என்று மட்டும் இருக்கின்றது. உருவம் ஒன்றுக்கு 60 டிராக்மா. தேர் ஒன்று, இளைஞன் ஒருவன், பூட்டப்படும் குதிரைகள் இரண்டு, ஆக 240 டிராக்மா. குழந்தை சாய்ந்திருக்கும் பெண்ணுக்கு 80 டிராக்மா. அக்கோயிலில் நாட்கூலிக்கு வேலை செய்தோர்க்கு நாளொன்றுக்கு ஒரு டிராக்மா. குடியுரிமை பெற்றவர், பிற ஊரிலிருந்து வந்து குடியேறியவர், அடிமை ஆகிய மூவர்க்கும் ஒரே கூலி. அடிமையின் கூலி யார் கைக்குப் போயிருக்கும் என்பதை வாசகரே உய்த்துணர்க. உலகம் இன்று வியந்து பார்க்கும் கோயில், இம்மூவகை மக்களும் ஒரே தூணின் அருகே நின்று உளி பிடித்ததால் எழுந்தது.

இனி, சொல்வல்லார் இக்கைவல்லாரை எவ்வாறு மதித்தனர் என்று காண்போம். கி. பி. 100-ஐ ஒட்டி எழுதிய புளூடார்க், வாசனைப் பொருளும் சாயத்துணியும் நமக்கு இன்பந் தருகின்றன, ஆயினும் சாயம் தோய்ப்பவரை இழிந்தவராகவே கருதுகிறோம் என்கிறார்; ஒலிம்பியாவின் சீயஸ் சிலையைக் கண்ட நற்குடி இளைஞன் எவனும் தான் பிடியாஸாக வேண்டும் என விரும்பமாட்டான் என்றும் மேற்செல்கின்றார். அடுத்த தலைமுறையில் தோன்றிய லூசியன் தம் இளமையைப் பற்றி எழுதியது இன்னும் தெளிவானது. சிற்பியான மாமனிடம் அவரை வேலை கற்க விட்டனர். முதல் நாளே பலகைக் கல்லை உடைத்து, அடிபட்டு, அழுதுகொண்டு வீடு திரும்பினார். அன்றிரவு கனவில் சிற்பக்கலையும் கல்வியும் இரு பெண்களாய் வந்து அவரை இருபுறமும் இழுத்தனர். நீ பிடியாஸே ஆயினும், உன் வேலையைப் புகழ்வாரன்றி உன்னைப்போல் ஆக விரும்புவார் ஒருவரும் இரார். நீ கையால் உழைத்துப் பிழைக்கும் கூலியாகவே எண்ணப்படுவாய் என்ற கருத்துப்படக் கல்வி என்பவள் கூறினாளாம். லூசியன் கல்வியின் பின் சென்றார். சென்றவர் பிற்காலத்தில் ஒரு பெண்ணின் அழகை வருணிக்க நேர்ந்தபோது, காலமிஸின் சிலையிலிருந்து நாணமும் புன்னகையும், பிராக்சிடலீஸின் சிலையிலிருந்து கண்ணும் புருவமும் எனக் கடன் வாங்கினார். உளியை வேண்டாமென்று எறிந்த கை, உளி செய்த நயத்தை வேண்டியபோதெல்லாம் அள்ளிக்கொண்டது.

நேர்மைக்காக ஒன்று கூறல் வேண்டும். சிற்பிகள் எல்லோரும் இகழப்பட்டே வாழ்ந்தனர் என்பது சரியன்று. பலர் தம் சிலைகளின் பீடத்தில் தம் பெயரைப் பெருமையோடு பொறித்தனர்; அரசரும் நகரங்களும் அவர்களைத் தேடி அழைத்தனர். ஆனால் அவர்களைப் பற்றிய சொற்களைப் பிற்காலத்துக்குக் கொடுத்தவர்கள், பெரும்பாலும், அவர்களுடன் ஒரே பந்தியில் உட்கார விரும்பாதவர்களே.

இச்சொற்களைப் பெற்றுக்கொண்ட பிற்காலம் மற்றொரு தவறு செய்தது. ஜெர்மானியரான விங்கல்மன் 1764-இல் வெளியிட்ட பழங்கலை வரலாற்றில், கிரேக்கச் சிற்பத்தைப் பெருநடை, அழகுநடை எனப் பகுத்து, பிராக்சிடலீஸ் தொடங்கிய அழகுநடையின் அடையாளம் நயமே என்றார். அவர் கிரீஸ் நாட்டை மிதித்ததேயில்லை. உரோமில் இருந்த படிகளைக் கண்டே பெரும்பாலும் எழுதினார். உடம்பு வெண்மையாக இருக்குமளவு அழகு மிகும் என்றும் எழுதினார். ஆனால் கிரேக்கச் சிலைகள் வண்ணம் தீட்டப்பெற்றவை. தம் சிலைகளில் எவை சிறந்தவை எனக் கேட்டபோது, ஓவியர் நிக்கியாஸின் கை பட்டவையே என்று பிராக்சிடலீஸ் விடையிறுத்ததாகப் பிளினி கூறுகின்றார். 1886-இல் அக்ரோபோலிஸில் அகழ்ந்தெடுத்த பெண் சிலைகளில் நிறத்தின் சுவடு கண்ணுக்கே தெரிந்தது. எனினும் வெண்மை மயக்கம் ஒழியவில்லை. 1937-38-இல் பிரிட்டிஷ் காட்சிச்சாலையில் பார்த்தினன் சிற்பங்களை வெளுப்பாக்க வேண்டிச் செம்புக் கருவிகளால் சுரண்டினர். நயத்துக்குத் தவறான பொருள் கொண்ட சொல், ஈராயிரம் ஆண்டு கடந்த கல்லின் தோலையே உரித்துவிட்டது. வெண்மையே அழகென்ற அக்கொள்கை கல்லோடு நிற்கவுமில்லை. மனிதரின் தோலையும் அளக்கப் புகுந்தது. அதனால் விளைந்த தாழ்வும் துன்பமும் வாசகர் அறியாதவை அல்ல.

ஆகவே, கலையைப் பற்றிய சொற்களை வாங்குவோர், சந்தையில் சரக்கு வாங்குவோர் போல் நிறுத்து வாங்குதல் வேண்டும். இதனைச் சொன்னவர் யார்? பொருளைக் கண்டு சொன்னாரா, பிறர் சொன்னதைச் சொன்னாரா? செய்தவரை மதித்துச் சொன்னாரா? இம்மூன்று வினாக்களுக்கும் விடை கிடைத்த பின்னரே ஒரு தீர்ப்பை நம் தீர்ப்பாகக் கொள்ளுதல் தகும்.

காரிஸ் என்பதற்குப் பொருள் மூன்று என்று தொடக்கத்திற் கூறினோம். சிற்பி கொடுத்தார், அது முதற்பொருள். கண்டோர் இன்புற்றனர், அது மூன்றாம் பொருள். நடுவில் நின்ற நன்றியையே சொல்வல்லார் உதிர்த்துவிட்டனர். மிதியடி வாரைத் தொட்டு நிற்கும் அப்பெண்ணைக் காணுங்கால், அவள் நயத்தைப் புகழ்வதோடு நில்லாமல், பெயரின்றிப் போன அக்கையையும் நினைப்போமாயின், நயம் என்ற சொல் மீண்டும் முழுமை பெறும்.