ரதிநிர்வேதம் முதல் ஆவாரம்பூ வரை: பரதன் திரைப்படங்களும் தமிழ்ச் சொல்வழக்கும்

பெங்களூரின் பிரேசர் டவுன், பிளேக் நோய்க்குப் பின்னர் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கண்டோன்மென்ட் பகுதியின் விரிவாக்கமாக அமைந்தது. மைசூரில் ஆங்கில அரசின் ரெசிடெண்டாக இருந்த ஸ்டூவர்ட் பிரேசரின் பெயரைத் தாங்கிய இப்பகுதி ஆவணங்களில் புலிகேசி நகர் ஆயிற்று. மக்கள் நாவில் பழைய பெயரே நிற்கிறது. தமிழும் தக்கணி உருதுவும் கன்னடமும் மலையாளமும் அருகருகே ஒலிக்கும் இத்தகைய இடத்தில் வாழும் தமிழர், மலையாளப் படமொன்றைத் துணைத்தலைப்பு இன்றியே பெரிதும் விளங்கிக்கொள்ள இயலும். விளங்கிக்கொண்டதைத் தமிழில் எடுத்துரைக்க முற்படும்போதே இடர் தோன்றுகிறது. பரதனின் படங்கள் இதற்குத் தக்க சான்றாகும்.

ஓவியராகவும் கலை இயக்குநராகவும் தொடங்கி 1975இல் 'பிரயாணம்' வழியாக இயக்குநரான பரதன், 1998இல் சென்னையில் மறைந்தார். பத்மராஜன் எழுதிய 'ரதிநிர்வேதம்' (1978), 'தகர' (1979) ஆகிய படங்களால் காம உணர்வைக் கலைப்பொருளாக்கியவர் என மலையாளத் திறனாய்வு அவரை மதிக்கிறது. தமிழ்நாட்டிலோ அவர் பெரிதும் 'தேவர் மகன்' (1992) இயக்குநராக மட்டுமே அறியப்படுகிறார். ஒரு கலைஞரின் படைப்பில் பாதி மட்டும் மரபுரிமையாக வந்து சேர்ந்ததற்குச் சுவை வேறுபாடு மட்டும் காரணமன்று; மறுபாதியைக் குறிக்கத் தமிழில் நடுநிலையான சொல் வழங்கவில்லை என்பதும் காரணமாகும். 'ஆபாசப் படம்' என்பது தீர்ப்பு. 'வயதுவந்தோர் படம்' என்பது தணிக்கைச் சான்றிதழ். 'பாலுணர்வுப் படம்' என்பதில் மருத்துவ நெடி வீசுகிறது. பண்டு அன்பின் முழுமையைக் குறித்து, திருக்குறளின் ஒரு பாலுக்கே பெயரான 'காமம்', இன்று பொருள் இழிந்து நிற்கிறது.

ஜப்பானிய நிலை இதனின் வேறுபட்டது. நிக்காட்சு நிறுவனம் 1971இல் தொடங்கிய வரிசைக்கு 'ரோமன் போர்னோ' எனத் தானே பெயரிட்டது. அப்பெயரின்கீழ் வந்த தட்சுமி குமாஷிரோவின் படத்தை 'கினெமா ஜும்போ' இதழ் 1972ஆம் ஆண்டின் சிறந்த படங்களின் பட்டியலில் சேர்த்தது. பெயர் மதிப்பீட்டுக்குத் தடையாகவில்லை. நாகிஸா ஓஷிமாவின் 1976ஆம் ஆண்டுப் படம் மொழிபெயர்ப்பாளருக்கு இன்னும் பயன்தருவது. அதன் ஜப்பானியத் தலைப்பு காதலைக் காளைப்போராகக் காண்கிறது. பிரெஞ்சுத் தலைப்போ, ஜப்பானைக் குறித்து ரோலான் பார்த் 1970இல் வெளியிட்ட நூலின் பெயரை எதிரொலித்துப் 'புலன்களின் பேரரசு' என்கிறது. ஒரே படம் ஒரு மொழியில் குருதி சிந்தும் களம்; மற்றொன்றில் அறிவுலகச் சிலேடை. அப்படத்தின் திரைக்கதை நூல்மீது ஜப்பானில் வழக்கு நடந்து, 1982இல் மேல்முறையீட்டிலும் விடுதலைத் தீர்ப்பே கிடைத்தது. வழக்கு நூலின்மீது, அதாவது சொல்லும் நிழற்படமும் சேர்ந்த அச்சின்மீது, தொடுக்கப்பட்டது என்பது நினைக்கத்தக்கது.

'ரதிநிர்வேதம்' என்ற தலைப்பே ஓர் ஆய்வுப்பொருள். ரதி நாயகியின் பெயர். வடமொழி அணிநூலில் சிருங்காரத்தின் நிலைபேறான பாவமும் அதுவே. நிர்வேதம் பற்றறுதல், பிற்கால அணிநூலார் அதனைச் சாந்தரசத்தின் அடிப்படையாக்கினர். தலைப்பு ஒரு சுவையில் தொடங்கி அதனை அழிக்கும் சுவையில் முடிகிறது. தொல்காப்பியத்தின் எண்வகை மெய்ப்பாட்டில் உவகை உண்டு. நிர்வேதத்திற்கு நேரான மெய்ப்பாடு இல்லை. 'விரக்தி' எனப் பெயர்த்தால் இன்றைய வழக்கில் வேலை கிடைக்காத இளைஞனின் மனச்சோர்வே நினைவுக்கு வரும். மொழிபெயர்க்காது விடுதலே இங்கு நேர்மை.

கதையின் பொருளுக்குத் தமிழில் இடமில்லை என்பதும் தவறு. வயதால் பொருந்தா வேட்கையைத் தொல்காப்பியர் பெருந்திணையில் வைத்தார். தலைவி மூத்தவளாக இருக்கும் நிலையையும் உரையாசிரியர் அதனுள் அடக்கினர். ஒப்பாததையும் திணையென எண்ணிப் பெயரிட்ட இலக்கணம் அது. படத்தின் பப்பு இன்னும் வளரிளம் பருவத்தினன் என்பது இன்றைய பார்வையாளருக்கு உறுத்தும், அவ்வுறுத்தல் முறையானதே. பெயரிடுதல் ஒப்புதல் ஆகாது. ஆயின் பெயரற்றதைப் பற்றி மறுத்துப் பேசுவதும் அரிது.

பப்பு அவளைச் 'சேச்சி' என விளிக்கிறான். தமிழில் 'அக்கா' பொருந்தும்; அண்டை வீட்டாரையும் அவ்வாறு அழைத்தல் இரு மொழிக்கும் பொது. சிக்கல் விளியில் இல்லை, வினைமுற்றில் இருக்கிறது. மலையாள வினை திணை, பால், எண், இடம் காட்டும் விகுதிகளை இழந்துவிட்டது. 'சேச்சி வந்நு' என்பதில் மதிப்பும் இல்லை, நெருக்கமும் இல்லை. தமிழில் 'அக்கா வந்தாள்', 'அக்கா வந்தாங்க' என்னும் இரண்டில் ஒன்றைத் தேர்ந்தே ஆகவேண்டும். முன்னது அவளை அவனுக்கு நிகராக்கிவிடும். பின்னது எட்டாத் தொலைவில் நிறுத்தும். மூலத்தில் படம் முழுதும் முடிவாகாது தொங்கும் உறவு, தமிழில் முதல் வினைமுற்றிலேயே முடிவாகிவிடும். துணைத்தலைப்பாளர் பெயரெச்சத்தையும் தொழிற்பெயரையும் நாடி ஓரளவு தப்பலாம். 'அக்கா வந்தது' என்னும் வட்டார வழக்கு துணிவுள்ளவர்க்குக் கைகொடுக்கும்.

'தகர' படத்தைப் பரதனே 1992இல் தமிழில் 'ஆவாரம்பூ' என மீண்டும் எடுத்தார். தகர என்பது கேரளத்தில் மழை பெய்ததும் வேலியோரங்களில் யாரும் விதைக்காமல் முளைக்கும் செடி. பெற்றோர் இன்னாரென அறியாத, பேதைமை மாறாத நாயகனுக்கு அதுவே பெயர். தமிழில் அச்செடி தகரை எனப்படும். எனினும் அச்சொல்லை அவ்வாறே இட்டிருந்தால் தமிழ்ச்செவிக்குத் தகரமும் தகராறுமே கேட்டிருக்கும். ஆவாரை அதற்குத் தாவர உறவுடையது, வறண்ட நிலத்தது, தானே வளர்வது. அவ்வகையில் தேர்வு நுட்பமானது. ஆயின் ஆவாரம்பூவுக்குப் பொங்கல் காப்பில் இடமுண்டு. அதன் பொன்னிறத்தை நாட்டார் வழக்கு போற்றும். களையின் இடத்தில் மலர் வந்தமர்ந்தது. மூலத்தில் நாயகனின் வேட்கை ஊரின் ஓரத்தில் கேட்பாரற்று வளர்கிறது. தமிழில் தலைப்பிலிருந்தே அதற்கு அழகு பூசப்பட்டுவிடுகிறது. இளையராஜாவின் இனிய இசையும் அதே திசையில் இழுக்கிறது. பாடல்கள் நின்றன; தகரையின் பச்சை நாற்றம் மட்டும் தமிழுக்கு வந்து சேரவில்லை.