தன்முன்னேற்ற நூல்மரபும் வ.உ.சி.யின் ஜேம்ஸ் ஆலன் மொழிபெயர்ப்புகளும்

தன்முன்னேற்ற நூல்களின் வரலாற்றை எழுதுவோர் பெரும்பாலும் சாமுவேல் ஸ்மைல்ஸ் 1859இல் வெளியிட்ட 'செல்ஃப்-ஹெல்ப்' நூலிலிருந்து தொடங்குவர். அந்நூலின் கரு, லீட்ஸ் நகரத் தொழிலாளர் தாமே நடத்திய மாலைநேரக் கல்விக்குழுவில் 1845இல் அவர் ஆற்றிய உரையாகும். ஒருவருக்கொருவர் கற்பித்துக்கொண்ட கூட்டத்தில் முளைத்த சிந்தனை, அச்சேறியபோது தனிமனிதரின் விடாமுயற்சிக் கதைகளின் தொகுப்பாயிற்று. ஜேம்ஸ் ஆலனின் 'ஆஸ் எ மேன் திங்கெத்' (1903) இன்னும் உள்ளொடுங்கியது. ஸ்மைல்ஸிடம் உழைப்பு நின்ற இடத்தில் ஆலனிடம் எண்ணம் நின்றது. ஒருவனது சூழல் அவன் எண்ணத்தின் விளைவே என்றார் அவர்.

இக்கருத்தைத் தமிழுக்குக் கொணர்ந்தவர் வ.உ.சிதம்பரனார். 1906இல் சுதேசிக் கப்பல் கம்பெனியைத் தொடங்கி, 1908இல் கோரல் ஆலை வேலைநிறுத்தத்தில் முன்னின்று, அவ்வாண்டே இராசத்துரோக வழக்கில் சிறைப்பட்டவர். அவரது மொழிபெயர்ப்பான 'மனம்போல வாழ்வு' 1909இல் வெளிவந்தது. ஒடுக்குவோனையும் ஒடுக்கப்படுவோனையும் அறியாமையில் பங்காளிகளாகக் காணும் பகுதியொன்று மூலநூலில் உண்டு. அத்தருக்கத்தை அப்படியே ஏற்றால், செக்கிழுத்த கைதி தன் செக்குக்குத் தானும் காரணமாவான். தண்டித்த நீதிமன்றத்தின் பொறுப்பு பாதியாகக் குறைந்துவிடும். இம்முரணைப் பொருட்படுத்தாமல், அம்மொழிபெயர்ப்புகளை அரசியலிலிருந்து ஆன்மிகத்துக்கு ஒதுங்கியதன் அடையாளமாகக் கொள்வது எளிது. (சிறை மீண்டபின் அவர் பட்ட வறுமை அவ்வாசிப்புக்கு உருக்கமும் சேர்த்துவிடுகிறது.) அவ்வாசிப்பு அவருடைய சொந்த நூலைக் கணக்கில் கொள்ளவில்லை.

கண்ணனூர்ச் சிறையில் அவர் இயற்றிய 'மெய்யறம்' மாணவரியல், இல்வாழ்வியல், அரசியல், அந்தணவியல், மெய்யியல் என ஐந்து பகுதிகளாக விரிகிறது. தன்னைச் செம்மை செய்துகொள்பவன் மாணவனாகத் தொடங்கி, இல்லத்தைக் கடந்து, நாட்டுக்கு வந்தாக வேண்டும். அதன் பின்னரே மெய்யியல். ஆலனின் நூலுக்கு ஏழு இயல்கள். குணம், சூழல், உடல்நலம், சாதனை என்றெல்லாம் பேசும் அவற்றுள் அரசுக்கென ஓர் இயல் இல்லை. அறத்தையும் பொருளையும் அடுத்தடுத்து வைத்த குறளில் தோய்ந்தவருக்கு அவ்விடைவெளி தென்பட்டிருக்கும் எனக் கருத இடமுண்டு. அவர் விட்ட இடத்தை நிரப்பினார் என்று சொல்வதும் தகும்.

எனினும் ஆலனை அவர் கைவிட்டாரல்லர். 'சாந்திக்கு மார்க்கம்' 1934இல் வெளிவந்தபோது 'மெய்யறம்' எழுதப்பட்டு இருபதாண்டுகளுக்கு மேல் கடந்திருந்தன.