வெளிச்சமும் இருட்டும் போதுமா?

தன்னைப் பற்றி ஒரு படம் வேண்டும் என்று ஓவியர் ஆர்னுல்ஃப் ரைனர் ஆஸ்திரியத் திரைக்கலைஞர் பீட்டர் குபெல்காவிடம் கேட்டார். 1960இல் வந்த ‘ஆர்னுல்ஃப் ரைனர்’ படத்தில் ஓவியரின் முகமே இல்லை. தலைப்பில் பெயர் மட்டும் மிஞ்சியது. கேமராவுக்கு வேலையே வைக்காத, ஆறரை நிமிடத்துக்குள் முடிந்துவிடும் இந்தப் படத்தில் இருப்பவை நான்கே: முழு வெண்மை, முழுக் கருமை, இரைச்சல், நிசப்தம். சினிமாவைக் கழித்துக்கொண்டே போனால் கடைசியில் நிற்பது இவைதான் என்கிறது படம்.

முதலில் அதன் பலம். திரை வெளுத்துக் கறுக்கும் வேகத்தில், பிலிமில் இல்லாத நிறங்கள் கண்ணில் மிதக்கின்றன. அரங்கின் சுவரும் முன்வரிசைத் தலைகளும் தோன்றி மறைகின்றன. கதையோ நடிகரோ இல்லாமலே பார்ப்பவரின் உடம்பைப் பிடித்து வைக்க முடிகிறது. இதில் எனக்கு மறுப்பில்லை.

சிக்கல் கணக்கில் இருக்கிறது. 576 ஃபிரேம் கொண்ட 16 பகுதிகள், மொத்தம் 9,216. தாளில் பார்த்தால் கச்சிதம். அரங்கில் அது யாருக்கு எட்டும்? தனி ஆவர்த்தனத்தில் மிருதங்கக்காரர் எவ்வளவு சிக்கலான கோர்வை வைத்தாலும், கேட்பவர் கையில் தாளம் இருக்கிறது. சமத்துக்கு வந்து சேர்வது அவருக்கும் தெரியும். இங்கே நொடிக்கு 24 ஃபிரேம் ஓடுகிறது, பிடித்துக்கொள்ளத் தாளம் இல்லை. நீண்ட இருட்டையும் அடர்ந்த துடிப்பையும் பிரித்தறியலாம், அவ்வளவுதான். குபெல்காவே இந்தப் பிலிமைத் துண்டுகளாக்கிச் சுவரில் மாட்டிக் காட்டியிருக்கிறார். கணக்கு அங்கேதான் தெரிகிறது. படம் அங்கே ஓடவில்லை.

கழித்தலிலும் ஒரு கேள்வி உண்டு. உலகம் பிலிமில் பதிவதும் அடிப்படைக் கூறுதானே? திரைக்கலைஞர் ஸ்டான் பிராக்கேஜின் ‘மாத்லைட்’ (1963) படத்திலும் கேமரா இல்லை. அந்துப்பூச்சிச் சிறகுகளையும் புல், இலைத் துணுக்குகளையும் ஒளிபுகும் டேப்புகளுக்கு நடுவே ஒட்டினார். உலகமே வந்து பிலிமில் உட்கார்ந்தது. குபெல்காவுக்கு எதிரான வலுவான சாட்சி குபெல்காவேதான். ஆப்பிரிக்காவுக்கு வேட்டையாடப் போன ஆஸ்திரியர்களை வைத்து 1966இல் அவர் முடித்த ‘உன்செரே அஃப்ரிகாரைசே’ பன்னிரண்டரை நிமிடம்தான். வேலை பிடித்ததோ ஐந்தாண்டு. ஓரிடத்தில் பதிந்த ஒலி வேறொரு காட்சிமேல் வந்து விழ, சிரித்துக்கொண்டிருக்கும் வேட்டைக்காரர்கள் நம் கண்முன் குற்றவாளிகளாகிறார்கள். ‘ரைனர்’ படத்தில் பழகிய ஃபிரேம் துல்லியத்துக்குச் சொல்ல ஒரு விஷயம் கிடைத்தது இங்கேதான்.

ஆகவே என் தீர்ப்பு: சோதனையாக ‘ஆர்னுல்ஃப் ரைனர்’ வெற்றி, சினிமாவின் இலக்கணமாக அரைகுறை. 35 மி.மீ. புரொஜெக்டரில் திரையிட்டால் தவறாமல் போய்ப் பாருங்கள், கைப்பேசியில் பார்த்து முடிவுக்கு வராதீர்கள். வலிப்பு நோய் உள்ளவர்கள் இந்தப் படத்தை எதிலும் பார்க்காமல் தவிர்த்துவிடுங்கள்.