நிலவில் ஓர் ஆட்டோ

விண்வெளி உடை அணிந்த ஒருவர் மேடும் பள்ளமுமான சாம்பல் நிறத் தரையில் மெல்ல அடியெடுத்து வைக்கிறார். கால் ஒவ்வொன்றும் எடையில்லாததுபோல எழும்பித் தணிகிறது. சுற்றிலும் இருட்டு. நிலவில்தான் நடக்கிறார் என்று கண் நம்பத் தொடங்கும் நேரத்தில், முகப்பு விளக்கு எரிய ஓர் ஆட்டோ அவரைக் கடந்து போகிறது. அது மேற்கு பெங்களூரின் ஹேரோஹள்ளிச் சாலை. ஓவியர் பாதல் நஞ்சுண்டசாமி 2019 செப்டம்பர் தொடக்கத்தில், சந்திரயான்-2 நிலவில் இறங்கவிருந்த வாரத்தில், இந்தக் காணொளியை வெளியிட்டார். நடந்தவர் நடிகர் பூர்ணசந்திர மைசூரு. மறுநாளே மாநகராட்சி ஆட்கள் அந்தச் சாலையைச் சீரமைக்க வந்துவிட்டார்கள். இதைக் கொண்டாடுவது எளிது, எடைபோடுவதுதான் அவசியம். தெருவையும் கேமராவையும் ஒன்றாகப் பிணைத்தது பாதலின் பெரும்பலம். அந்தப் பிணைப்பில் கேமராவின் கை ஓங்கும்போதெல்லாம் தெரு தோற்றுப்போகிறது என்பது அவருடைய கலையின் குறை.

மைசூரின் சாமராஜேந்திரா காட்சிக்கலைக் கல்லூரியில் பயின்று, விளம்பரத் துறையில் வேலை பார்த்தவர் பாதல். ஒரே பார்வையில் மனத்தில் தைக்க வேண்டும் என்ற விளம்பரக்காரரின் கணக்கு அவர் படைப்புகள் எல்லாவற்றிலும் தெரியும். 2015 ஜூனில், சுல்தான்பாளையச் சாலையில் நீர் தேங்கிக் கிடந்த பெரிய பள்ளத்தைச் சுற்றிக் குளம்போல் வண்ணம் தீட்டி, நடுவே ஒரு முதலை உருவத்தை மிதக்கவிட்டார். சுமார் 20 கிலோ எடை, ஏறத்தாழ 6,000 ரூபாய் செலவு என்று அப்போது செய்திகள் வந்தன. கைபேசிகளில் படம் பரவியது, பள்ளமும் மூடப்பட்டது. தினமும் அந்தப் பள்ளத்தைச் சுற்றி வண்டியை ஒடித்து ஓட்டிப் பழகியவர்களுக்கு அது சாலையின் ஒரு பகுதியாகவே ஆகியிருந்தது. அந்தப் பழக்கத்தை முதலை கலைத்தது. இல்லாத ஒன்றை அவர் காட்டவில்லை. இருந்தும் கண்ணில் படாமல் போனதைக் காட்டினார்.

நிலவுக் காணொளி இன்னும் ஒரு படி மேலே போகிறது. அங்கே தொழில்நுட்பம் படைப்பைச் சுமந்து செல்லும் வாகனம் மட்டுமல்ல. படைப்பே அதனால் ஆனது. இரவின் குறைந்த ஒளி நிறங்களை உறிஞ்சிவிடுகிறது, நெருக்கமான சட்டகம் வீடுகளையும் கம்பங்களையும் மறைத்துவிடுகிறது. பகலில் அதே இடத்தில் நேரில் நின்றால் இந்த மாயம் கிடையாது. பிறகு அந்த மாயத்தை ஆட்டோவே உடைக்கிறது. வானத்தில் இவ்வளவு தூரம் போன நாட்டால் ஒரு தெருவுக்குத் தார் போட முடியவில்லையே என்ற கேள்வியை யாரும் சொல்லாமலே ஆட்டோவின் வெளிச்சம் கேட்டுவிடுகிறது. பெங்களூரு மாநகராட்சியின் புகார்ச் செயலியிலும் மக்கள் இதே பள்ளங்களைப் படமெடுத்து அனுப்பத்தான் செய்தார்கள். செயலியில் அது ஒரு புகார் எண்; பாதலின் கையில் அது ஊரறிந்த வெட்கம். எண்ணுக்கு அசையாத நிர்வாகம் வெட்கத்துக்கு அசைந்தது.

குறையும் இங்கேதான் முளைவிடுகிறது. 2017 அக்டோபரில், பள்ளங்களால் உயிர்கள் பலியாகிக்கொண்டிருந்த வாரங்களில், நடிகை சோனு கௌடாவைக் கடற்கன்னியாக்கி காமராஜ் சாலைச் சந்திப்பின் பள்ளத்தில் அமரவைத்தார் பாதல். அந்தப் படம் அழகு, ஆனால் அழகே அதன் பலவீனம். கண் நடிகையிடம் நின்றுவிடுகிறது. பள்ளம் அவருக்கு வெறும் பின்னணி. அடுத்தது, கேமராவின் இயல்பு. ஆழமான, அகலமான, படத்துக்கு வாகான பள்ளத்தையே அது தேடும். பள்ளத்தின் காரணமோ படத்தில் விழாது. மழைநீர் வடிய வழியில்லாமல் தாரின் விரிசலில் இறங்குகிறது, ஜல்லியின் பிடி தளர்கிறது, குழாய்க்கும் கேபிளுக்கும் தோண்டியவர்கள் சரியாக இறுக்காமல் மூடிவிட்டுப் போகிறார்கள். இவற்றுக்கு முதலை முகம் கிடையாது. சுல்தான்பாளையத்துக்குச் சில கிலோமீட்டர் தெற்கே, காக்ஸ் டவுனை ஒட்டிய ஜீவனஹள்ளியின் குறுகலான சந்து ஒன்றை எண்ணிப் பாருங்கள். அங்கே ஒரு முழ அகலப் பள்ளம் ஒரு மூதாட்டியின் காலை முறிக்கப் போதும். ஆனால் பரபரப்பான படமாவதற்கு அது போதாது. வெட்கத்தால் மட்டுமே நகரும் நிர்வாகம், படமாகாத தெருவை வரிசையின் கடைசிக்குத் தள்ளிவிடும்.

சாக்கடையைச் சரிசெய்வதா ஓவியரின் வேலை என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். நோயைக் காட்டுகிறவர் மருந்தும் தர வேண்டும் என்று கலையிடம் கட்டளையிட முடியாது. ஆனால் பாதலின் படைப்புகளை வெறும் ஓவியமாக யாரும் புகழ்வதில்லை. சாலை சரியானதையும் சேர்த்தே புகழ்கிறோம். பலனைப் புகழின் கணக்கில் வைத்தால், பலனின் எல்லையையும் அதே கணக்கில் வைக்க வேண்டும். கேமரா இல்லாவிட்டால் அந்த முதலையை அந்தத் தெருவைத் தவிர யார் பார்த்திருப்பார்கள் என்பது இன்னொரு வாதம். அதுவும் உண்மை. அதனால்தான் கேமராவைக் கைவிடச் சொல்லவில்லை. அதற்கு இன்னொரு வேலையும் கொடுக்கலாமே என்கிறேன்.

சிகாகோவில் ஜிம் பேக்கர் 2013 முதல் பள்ளங்களைத் தாமே சிமென்ட் இட்டு நிரப்பி, மேலே வண்ணக் கற்களால் மொசைக் பதிக்கிறார். அவருடைய கலை பள்ளத்தை மூடிவிட்டு அங்கேயே தங்குகிறது. பாதலின் கலை பள்ளத்தைத் திறந்துகாட்டிவிட்டு விலகிவிடுகிறது. திறந்துகாட்டுவதே அரசைப் பொறுப்பேற்க வைப்பதால், பாதலின் வழியே அரசியல் கூர்மை மிக்கது. ஆனால் மூடிய பள்ளம் அடுத்த மழையைத் தாங்கியதா என்று காட்ட, அதே இடத்துக்கு, அதே கோணத்தோடு, அவருடைய கேமரா மறுபடி வர வேண்டும். ஒரு கணத்தைப் பிடிக்கும் கருவிக்கு ஆண்டுகளை நினைவில் வைக்கவும் தெரியும். ஜீவனஹள்ளி போன்ற பகுதிகளின் தமிழ் வீட்டு வாசல்களில் கோலம் ஒருமுறை போட்டு முடிவதில்லை; காலடிகள் அழிக்க, மறுநாள் விடியலில் அதே வாசலில் மறுபடி விழுகிறது. தெருக்கலையின் பழைய பாடம் அது. அந்த விடாப்பிடி சேர்ந்தால், பாதலின் அதிர்ச்சி ஒரு நாள் செய்தியாகக் கரையாமல் ஊரின் கண்காணிப்பாக நிலைக்கும்.