கைகளை விட நடு அழகு

சுருள் விண்மீன் மண்டலங்களின் படங்களில் பலரும் ரசிப்பது கைகளைத்தான். என்ஜிசி 1097 என்ற மண்டலத்தில் எனக்குக் கண் போவதோ நடுவுக்கு.

1790-இல் வில்லியம் ஹெர்ஷல் கண்டறிந்தது. தென்வானத்து ஃபோர்னாக்ஸ் விண்மீன் கூட்டத்தின் திசையில், சுமார் 4.5 கோடி ஒளியாண்டு தொலைவில் இருக்கிறது. மையத்தின் குறுக்கே விண்மீன்களாலான நீண்ட பட்டை. அதன் இரு முனைகளிலிருந்தும் கைகள் புறப்படுகின்றன. பட்டை வெறும் அலங்காரமில்லை. வாய்க்கால் வயலுக்கு நீர் சேர்ப்பதுபோல, வெளியே சுற்றும் வாயுவை அது தன் ஈர்ப்பால் உள்ளே இறக்குகிறது. அப்படி வந்த வாயு நேராக மையத்தில் விழுந்துவிடுவதில்லை. சுமார் 5,000 ஒளியாண்டு அகல வளையமாகத் தேங்கி, அங்கேயே புது விண்மீன்களாகப் பற்றிக்கொள்கிறது. சிலியிலுள்ள ஐரோப்பியத் தொலைநோக்கி எடுத்த அகச்சிவப்புப் படத்தில், அந்த வளையத்தில் 300-க்கும் மேற்பட்ட விண்மீன் பிறப்பிடங்கள் தெரிந்தன. வளையத்துக்குள்ளே, மையம் நோக்கிச் சுருண்டு இறங்கும் மெல்லிய இழைகள். அந்த இழைகளுக்காகவே படத்தைச் சட்டம் போட்டு மாட்டலாம்.

அவை போய்ச்சேரும் இடத்தில், சூரியனைப்போல் சுமார் 14 கோடி மடங்கு நிறையுள்ள கருந்துளை. 1991-இல் பிரேசில் வானியலாளர் தைசா ஸ்டோர்கி பெர்க்மான், மையத்தின் நிறமாலையில் ஹைட்ரஜன் கோடு அகன்று இரட்டை முகடாகப் பிளந்திருப்பதைப் பார்த்தார். கருந்துளையைச் சுற்றும் வாயுத் தட்டின் ஒரு பாதி நம்மை நோக்கியும் மறுபாதி விலகியும் ஓடுவதன் தடயம் அது. இத்தனைக்கும், இப்படிக் கருந்துளை வாயுவை விழுங்குவதால் ஒளிரும் செயலூக்கமுள்ள மையங்களில் இந்த மையம் மங்கலான ரகம்!

பக்கத்தில் ஒரு குட்டி நீள்வட்ட மண்டலமும் உண்டு. படம் போடுகிறவர்கள் அதை ஓரத்தில் வெட்டிவிடுவதுதான் எனக்குப் பிடிக்காதது.